ஆணையை மீறினால் உடனே அவமதிப்பு வழக்கா?

மதிப்புக்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். நீதிமன்ற ஆணை ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு, எதிர்த்தரப்பு அதற்குக் கட்டுப்படவில்லை என்றதும், "அவமதிப்பு வழக்குப் போட்டால் ஆள் உள்ளே போய்விடுவார் அல்லவா?" என்று கேட்பவர்கள் சிங்கப்பூரில் நம் சமூகத்தில் நிறையப் பேர் இருக்கிறார்கள். சட்ட அலுவலகம் ஒன்றில் நெடுங்காலம் எழுத்தராக வேலை பார்த்து ஓய்வுபெற்றவன் என்பதால், கோயில் மண்டபத்திலும் அடுக்குமாடி புளோக்கின் கீழ்த்தளத்திலும் இந்தக் கேள்வி என்னிடம் அடிக்கடி வருகிறது. நான் வழக்கறிஞன் அல்லன். ஒருவருடைய வழக்குக்கு ஆலோசனை சொல்லும் தகுதி எனக்கு இல்லை. ஆனால், எந்த ஆணைக்கு இந்த நடவடிக்கை பொருந்தும், எதற்குப் பொருந்தாது என்பதே தெரியாமல் பலர் பணத்தையும் மாதக்கணக்கான காலத்தையும் செலவிடுவதைப் பார்த்திருப்பதால், பொதுவான சில செய்திகளைத் தங்கள் நாளிதழ் வழியாகச் சொல்ல விரும்புகிறேன்.

தமிழ்நாட்டுச் செய்திகள் இந்த எண்ணத்துக்கு ஒரு காரணம் என்று நினைக்கிறேன். சென்னை உயர் நீதிமன்றத்தின் ஆணையை நிறைவேற்றாத அதிகாரிமீது அவமதிப்பு மனு, அவர் நேரில் வந்து நிற்க வேண்டும் என்ற உத்தரவு, பிறகு மன்னிப்பு என்று தொலைக்காட்சியில் பார்த்துப் பழகியவர்கள், இங்கும் ஒரு மனுவைப் போட்டாலே எதிராளி பதறிக்கொண்டு வருவார் என்று எண்ணிவிடுகிறார்கள். அங்கே நடப்பிலிருப்பது 1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம். அதன்கீழ் உச்சத் தண்டனை 6 மாதச் சிறை, 2,000 ரூபாய் அபராதம் அல்லது இரண்டும். இங்கே நடப்பிலிருப்பது, 2016 ஆகஸ்ட்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றி 2017 அக்டோபர் 1ஆம் தேதி முதல் நடப்புக்கு வந்த நீதி நிர்வாக (பாதுகாப்பு) சட்டம். அதுவரை நீதிமன்றத் தீர்ப்புகள் வழியாகவே வளர்ந்துவந்த அவமதிப்புச் சட்டத்தை அது எழுத்தில் வகுத்தது. மசோதா விவாதத்துக்கு வந்தபோது நீதிமன்றங்களை விமர்சிப்பது பற்றிய பகுதியே எல்லாருடைய கவனத்தையும் ஈர்த்தது. ஆணைகளை மீறுவது பற்றிய நான்காம் பிரிவு அந்தச் சத்தத்தில் அமுங்கிப்போனது. ஆனால், நீதிமன்றத்தைப் பற்றி ஒரு வரிகூட எழுதாத சாதாரண குடும்பங்களைத் தொடக்கூடியது அந்தப் பிரிவுதான்.

நீதிமன்றத்தின் தீர்ப்பையோ ஆணையையோ வேண்டுமென்றே மீறுபவரும், நீதிமன்றத்துக்குத் தாம் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுபவரும் அவமதிப்புக் குற்றம் செய்தவர் ஆகிறார் என்பது அப்பிரிவின் சாரம். உயர் நீதிமன்றமோ மேல்முறையீட்டு நீதிமன்றமோ விதிக்கும் தண்டனை 3 ஆண்டுச் சிறை, 100,000 வெள்ளி அபராதம் அல்லது இரண்டும் என்ற அளவுவரை போகலாம். மற்ற நீதிமன்றங்களில் உச்சவரம்பு 12 மாதச் சிறையும் 20,000 வெள்ளியும். தண்டனை இவ்வளவு கடுமையாக இருப்பதால்தான், அங்கே போய்ச் சேரும் வழியையும் சட்டம் குறுகலாக வைத்திருக்கிறது.

முதலில் பார்க்க வேண்டியது, கையிலிருக்கும் ஆணை ஒருவரை ஒன்றைச் செய்யச் சொல்கிறதா, செய்யக்கூடாது என்கிறதா என்பதை. இன்னாருக்கு இன்ன உரிமை உண்டு என்று அறிவிப்பதோடு நின்றுவிடும் தீர்ப்பில் மீறுவதற்கு எதுவும் இல்லை. இன்ன தொகையைச் செலுத்துக என்று சொல்லும் தீர்ப்பும் பொதுவாக இந்த வழியில் வராது. கடன்பட்டவரைக் கடனுக்காகவே சிறையில் தள்ளும் பழைய முறையைச் சட்டம் மிகக் குறுகிய விதிவிலக்குகளோடு நிறுத்திவிட்டது; 1934ஆம் ஆண்டின் கடனாளிகள் சட்டம் இன்றும் நம் சட்டப் புத்தகத்தில் இருக்கிறது. ஆகவே, வேலை நியமன உரிமைகோரல் நடுவர் மன்றத்தில் சம்பளப் பாக்கிக்கு ஆணை பெற்ற ஊழியரோ, சிறு உரிமைகோரல் நடுவர் மன்றத்தில் வீட்டுப் புதுப்பிப்புக் குத்தகையாளரை வென்றவரோ, பணம் வந்து சேரவில்லை என்பதற்காக அவமதிப்பு நடவடிக்கையை நாடுவதில் பயனில்லை. அவர் போக வேண்டியது அமலாக்க ஆணைக்கு. 2022 ஏப்ரல் 1 முதல் நடப்பிலுள்ள நீதிமன்ற விதிகளின்படி, பொருள்களைக் கைப்பற்றி விற்பது, வங்கிக் கணக்கிலுள்ள பணத்தை முடக்கிப் பெறுவது போன்ற வழிகளை ஒரே விண்ணப்பத்தில் கேட்கலாம். ஷெரிஃப் அலுவலகம் அதை நிறைவேற்றும். முதலாளியைச் சிறைக்கு அனுப்பினாலும் ஊழியருக்கு வரவேண்டிய பணம் வந்துவிடப் போவதில்லை என்பதை, வெளிநாட்டு ஊழியர்களுக்கு உதவும் தொண்டூழியர்கள் இன்னும் அழுத்திச் சொல்லலாம்.

இதில் ஒரு நுணுக்கம் உண்டு. பணம் கொடுக்காதது அவமதிப்பு ஆகாது. ஆனால், சொத்துகளை நகர்த்தக்கூடாது என்ற தடையாணை இருக்கும்போது நகர்த்துவதும், தம்மிடம் என்ன இருக்கிறது என்று விசாரிக்க நீதிமன்றம் அழைத்த நாளில் கடனாளி வராமல் இருப்பதும் அவமதிப்பாகலாம். பணத்தைக் கேட்டு அலுத்துப்போனவர்களின் வழக்கறிஞர்கள் பெரும்பாலும் இந்த இடத்தில்தான் பிடியைக் காண்கிறார்கள்.

ஜீவனாம்சத்துக்கும் தனிப்பாதை இருக்கிறது. திருமணம், குடும்பம் பற்றிய சட்டமான மாதர் சாசனத்தின்கீழ் பராமரிப்புத் தொகை பாக்கி இருந்தால் நீதிமன்றம் சம்பளத்திலிருந்தே பிடித்தம் செய்ய உத்தரவிடலாம், அபராதம் விதிக்கலாம், கொடுக்காத ஒவ்வொரு மாதத்துக்கும் ஒரு மாதம் வரை சிறைத்தண்டனையும் விதிக்கலாம். குடும்ப வன்முறைக்கு எதிரான தனிநபர் பாதுகாப்பு ஆணையை மீறுவது தனிக் குற்றம்; அதற்குப் போக வேண்டிய இடம் காவல் நிலையம். அண்டை வீட்டாரின் சத்தம், படிக்கட்டில் அடைத்துவைக்கும் சாமான்கள் போன்ற பூசல்களில், 2015ஆம் ஆண்டின் சமூகப் பூசல் தீர்வுச் சட்டம் வகுத்த வழி வேறு: நடுவர் மன்றத்தின் ஆணை மீறப்பட்டால் முதலில் அதே மன்றத்திடம் சிறப்பு உத்தரவு கேட்பது, அதையும் மீறினால்தான் குற்றம் என்று அது படிப்படியாகச் செல்கிறது.

இனி, குழந்தையைப் பார்க்கும் உரிமை. இந்த விவகாரத்தில் குடும்பங்கள் படும் வேதனையைப் போல் வேறெதிலும் நான் கண்டதில்லை. ஆணைகள் இவ்வளவு தெளிவில்லாமல் எழுதப்படுவதையும் வேறெங்கும் கண்டதில்லை. ஆணை தெளிவாக இருந்தால்தான் மீறல் என்ற பேச்சே எழும். "தந்தைக்கு நியாயமான அளவில் குழந்தையைப் பார்க்கும் உரிமை உண்டு" என்று மட்டும் இருக்கும் ஆணையை வைத்துக்கொண்டு, சென்ற ஞாயிற்றுக்கிழமை குழந்தையை அனுப்பவில்லை என்று எப்படி மீறலை நிரூபிப்பது? ஞாயிற்றுக்கிழமை என்று ஆணையில் எங்கே இருக்கிறது? ஐயம் எழுந்தால் அதன் பலன் குற்றம் சாட்டப்பட்டவருக்கே போகும். அத்தகைய ஆணையை வைத்திருப்பவர் முதலில் செய்ய வேண்டியது, நாள், நேரம், குழந்தையைக் கைமாற்றும் இடம் ஆகியவற்றைக் குறிப்பிடும்படி ஆணையைத் திருத்தித் தருமாறு விண்ணப்பிப்பது.

ஆணை தெளிவாகவே இருந்தாலும், குழந்தைக்குக் காய்ச்சல் என்று ஒரு வாரம் தவறுவதும், மாதக்கணக்கில் கதவைத் திறக்காமல் இருப்பதும் ஒன்றல்ல. குழந்தையே போகமாட்டேன் என்று அழுகிறது என்றால், குழந்தையை வளர்க்கும் பெற்றோர் அதை அனுப்பிவைக்க உண்மையாகவே முயன்றாரா என்று நீதிமன்றம் பார்க்கும். தாயைச் சிறைக்கு அனுப்பிவிட்டுக் குழந்தையின் நலனைக் காத்துவிட முடியாது என்பது நீதிபதிகளுக்குத் தெரியும். அதனால்தான் 2022இல் மாதர் சாசனத்தில் கொண்டுவரப்பட்ட திருத்தங்கள், இழந்த நேரத்துக்கு ஈடாகக் கூடுதல் நேரம் கொடுப்பது, வீணான செலவை ஈடுசெய்யச் சொல்வது, பிணைப் பத்திரம் எழுதி வாங்குவது, ஆலோசனைக்கு அனுப்புவது போன்ற வழிகளை முன்வைத்தன. என் கருத்தில் இவற்றை முயலாமல் அவமதிப்பைப் பற்றி நினைக்கவே கூடாது. ஆனால், மறுபக்கமும் உண்டு. பேரப்பிள்ளையைத் தம் வீட்டில் வைத்துக்கொண்டு, சந்திப்பு நேரத்தில் வேண்டுமென்றே வெளியே அழைத்துப் போய்விடும் தாத்தா பாட்டிகளும் இருக்கிறார்கள். ஆணை தம் பெயரில் இல்லை என்ற துணிச்சல் அவர்களுக்கு. ஆணையைப் பற்றித் தெரிந்துகொண்டே அதை மீற உதவுபவரையும் சட்டம் விட்டுவைப்பதில்லை.

மீறியவருக்கு ஆணையைப் பற்றித் தெரிந்திருக்க வேண்டும் என்பது அடுத்தது. ஒன்றைச் செய்யச் சொல்லும் ஆணை என்றால், கீழ்ப்படியாவிட்டால் தண்டிக்கப்படலாம் என்ற எச்சரிக்கை அதில் எழுதப்பட்டு, அதன் நகல் அவர் கையில் நேரடியாகச் சேர்க்கப்பட்டிருக்க வேண்டும் என்பது நீண்டகால நடைமுறை. வாட்ஸ்அப்பில் படம் எடுத்து அனுப்பிவிட்டு, இரண்டு நீலக் குறிகள் வந்துவிட்டன என்று நிம்மதியாக இருப்பவர்களுக்கு இதைச் சொல்கிறேன். ஆவணம் கொடுக்கப் போகும் வேலையை நானும் செய்திருக்கிறேன். உள்ளே தொடர் நாடகத்தின் சத்தம் கேட்கும், இரும்புக் கதவு திறக்காது, அழைப்பு மணியை அடித்து அடித்து விரல்தான் வலிக்கும். அப்படிப்பட்டவரிடம் வேறு வகையில் சேர்க்க நீதிமன்றத்திடம் அனுமதி கேட்கலாம். நேரடியாகக் கொடுக்கும் தேவையையே நீதிமன்றம் தளர்த்தவும் செய்யலாம். செய்யாதே என்று தடுக்கும் ஆணையில், அது பிறப்பிக்கப்பட்டபோது அவர் நீதிமன்றத்தில் இருந்தார், அல்லது வேறு வழியில் அவருக்கு அது தெரிவிக்கப்பட்டது என்பதே போதுமானதாகக் கருதப்படலாம். பழைய விதிகளில் தொலைபேசி, தந்தி என்றே எழுதியிருந்தது.

வேண்டுமென்றே என்பதற்கும் எல்லை இருக்கிறது. மேல்முறையீட்டு நீதிமன்றம் 2007இல் விளக்கியபடி, குற்றவியல் வழக்கைப் போலவே ஐயத்துக்கு இடமின்றி மீறலை நிரூபிக்க வேண்டும். ஆனால், அந்தச் செயலை அவர் தெரிந்தே செய்தார் என்று காட்டினால் போதும், ஆணையை மீற வேண்டும் என்ற தீய எண்ணம் இருந்ததாகக் காட்டத் தேவையில்லை. அந்த எண்ணம் இருந்ததா இல்லையா என்பது தண்டனையின் அளவைத் தீர்மானிக்கும்போது கணக்கில் வரும். ஆணை தம்மிடம் எதிர்பார்ப்பதை நேர்மையாகவும் நியாயமாகவும் புரிந்துகொள்ளத் தவறியவரை மன்னிக்கவும் 2016ஆம் ஆண்டுச் சட்டம் இடம் தருகிறது. ஆங்கிலத்தில் எழுதப்பட்ட நான்கு பக்க ஆணையைக் கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டு, அதில் என்ன இருக்கிறது என்று யாரிடமும் கேட்காத ஒருவருக்கு அந்த மன்னிப்பு எளிதில் கிடைக்கும் என்று நான் நம்பவில்லை. நீதிமன்றங்களில் மொழிபெயர்ப்பாளர்கள் இருக்கிறார்கள். தயங்காமல் கேட்க வேண்டும்.

ஆணை தவறானது என்பது ஒரு சமாதானமே அல்ல. இதைப் பலர் ஏற்க மறுக்கிறார்கள். "அப்பீல் போட்டிருக்கிறேன், அதனால் இப்போது கட்டுப்படத் தேவையில்லை" என்பது நான் அடிக்கடி கேட்ட வாக்கியம். மேல்முறையீடு செய்தாலே ஆணை நின்றுவிடாது; அதை நிறுத்திவைக்கத் தனியாக விண்ணப்பித்து நீதிமன்றத்தின் இசைவைப் பெற வேண்டும். ஆணை நீக்கப்படும் நாள்வரை அதற்குக் கட்டுப்பட்டே தீர வேண்டும் என்ற கொள்கைக்கு, 1952ஆம் ஆண்டின் ஆங்கிலேய வழக்கு ஒன்றை இன்றும் எடுத்துக்காட்டுவார்கள். நீதிமன்றத்தின் அனுமதியின்றிக் குழந்தையை ஆஸ்திரேலியாவுக்குக் கொண்டுபோய்விட்ட தாயின் மேல்முறையீட்டை, குழந்தையைத் திரும்ப அழைத்துவராத வரை கேட்கவே முடியாது என்று இங்கிலாந்து நீதிமன்றம் சொல்லிவிட்டது.

நிறுவனங்கள் நடத்துபவர்களுக்கும் ஒரு வார்த்தை. ஆணை நிறுவனத்தின் பெயரில் இருந்தால் தமக்கென்ன என்று இயக்குநர்கள் இருந்துவிட முடியாது. அவர்களது சம்மதத்தோடோ உடந்தையோடோ நிறுவனம் மீறியது என்றால் அவர்களும் பொறுப்பாவார்கள். சமரசப் பேச்சில் எழுதிக்கொண்ட ஒப்பந்தம் வேறு, நீதிமன்ற ஆணையாகப் பதிவான ஒப்பந்தம் வேறு என்பதையும் இங்கே சொல்லிவிடுகிறேன். சமூக சமரச நிலையத்தில் இரு வீட்டாரும் கையெழுத்திட்டது அவர்களுக்கிடையிலான ஒப்பந்தமே. அதை ஒருவர் மீறினால் அதை நீதிமன்ற அவமதிப்பு என்று சொல்ல முடியாது. 2017ஆம் ஆண்டின் சமரசச் சட்டம், அதன் நிபந்தனைகளுக்கு உட்பட்ட சமரச ஒப்பந்தங்களை நீதிமன்ற ஆணையாகப் பதிவுசெய்ய வழி வகுத்திருக்கிறது.

இவ்வளவும் பொருந்தினாலும் நேராக வழக்குப் போட முடியாது. முதலில், அவமதிப்பு நடவடிக்கை எடுக்க அனுமதி கேட்டு, மீறலின் விவரங்களை உறுதிமொழிப் பத்திரத்தில் எழுதி விண்ணப்பிக்க வேண்டும். அனுமதி கிடைத்த பிறகுதான் உண்மையான விண்ணப்பம். அதையும் கெடுவுக்குள் தாக்கல் செய்து எதிராளியிடம் நேரடியாகச் சேர்க்க வேண்டும். முதலில் எழுதிய காரணங்களுக்கு அப்பால் புதிதாக எதையும் சேர்த்துக்கொண்டே போக முடியாது. ஆகையால் தேதி, நேரம், அனுப்பிய செய்தி, வந்த பதில் என்று குறிப்பு வைத்திராதவர்கள் இந்த முதல் படியிலேயே தடுமாறுவார்கள். தோற்றால் எதிர்த்தரப்பின் செலவும் தலையில் விழலாம்.

பணிய வைப்பதே இந்த நடவடிக்கையின் முதன்மை நோக்கம் என்பதால், கடைசி நேரத்தில் ஆணையை நிறைவேற்றி மனமார மன்னிப்புக் கேட்பவருக்குத் தண்டனையைக் குறைக்கவோ நீக்கவோ நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. அதே சமயம், விவாகரத்துச் சொத்துப் பங்கீட்டில் ஆணைகளைத் தொடர்ந்து புறக்கணித்த கணவர் ஒருவருக்கு மேல்முறையீட்டு நீதிமன்றம் 2016இல் சிறைத்தண்டனையே விதித்தது. ஆகவே, "சிங்கப்பூரில் யாரையும் இதற்காக உள்ளே போட மாட்டார்கள்" என்று சொல்லித் திரிபவர்களை நம்ப வேண்டாம்.

பல சமயம் அந்த அளவுக்குப் போகாமலேயே காரியம் முடியும். வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீட்டை விற்கவோ மாற்றவோ முன்னாள் துணைவர் கையெழுத்துப் போட மறுக்கிறார் என்று ஒருவர் கோபத்தோடு வந்தார். அவருடைய ஆணையிலேயே, எழுத்தில் கேட்டு 7 நாளுக்குள் ஒருவர் கையெழுத்திடாவிட்டால் நீதிமன்றப் பதிவாளர் அவருக்குப் பதிலாகக் கையெழுத்திடலாம் என்ற வரி இருந்தது. விவாகரத்து ஆணைகளில் வழக்கமாக வரும் வரிதான் அது. அவர் கடைசிப் பக்கம்வரை படிக்கவில்லை. அவர் முதலில் எழுத வேண்டியிருந்தது ஒரு கடிதம்தான்.

தங்களிடம் எனக்கு ஒரு வேண்டுகோள் உண்டு. சட்டம் பற்றிய கட்டுரைகளை வெளியிடும்போது, ஆணையைப் பெறுவதைப் பற்றி எழுதுவது போலவே, பெறும் நாளில் அதில் என்னென்ன எழுதப்பட வேண்டும் என்பதைப் பற்றியும் தமிழ் வழக்கறிஞர்களை எழுதச் சொல்லுங்கள். உதாரணமாக, பொது விடுமுறை நாள்கள் மாறி மாறி என்ற ஒரே வரியோடு குழந்தைகள் பற்றிய பல ஆணைகள் முடிந்துவிடுகின்றன. ஆண்டுக்கு ஒரு நாளே வரும் தீபாவளியில், எண்ணெய்க் குளியல் நடக்கும் காலைப்பொழுது யாருக்கு, எத்தனை மணிக்குக் குழந்தையை அடுத்தவரிடம் ஒப்படைக்க வேண்டும், முந்திய நாள் இரவு குழந்தை எங்கே தங்கும் என்பதையெல்லாம் அப்போதே எழுதி வாங்கிக்கொள்ளுமாறு அவர்கள் தங்கள் கட்சிக்காரர்களுக்குச் சொல்லலாம்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற சட்ட அலுவலக எழுத்தர்,
ஈசூன்